கூத்து அவர்களுடையது, கேமரா யாருடையது?

இடுக்கி மாவட்டத்தில் கட்டப்பனைக்குப் பக்கம் கோவில்மலை என்று ஓர் ஊர். மன்னான் பழங்குடியினரின் அரசர் இருக்கும் ஊர் அது. காலவூட்டுத் திருவிழாவில் அங்கே கூத்து ஆடுவார்கள். ஆடும் கதை, கோவலன் கண்ணகி கதை. தங்கள் முன்னோர் மதுரைப் பக்கமிருந்து மலையேறி வந்தவர்கள் என்று மன்னான்கள் சொல்கிறார்கள். தேவிகுளம் மலைகளில் வாழும் முதுவர்களும் மதுரையைத்தான் சொல்கிறார்கள். ஊரை விட்டுக் கிளம்பியபோது தெய்வத்தையும் பிள்ளைகளையும் முதுகில் சுமந்து வந்தோம் என்பது அவர்களுடைய வாய்மொழி வரலாறு. தேனி, இடுக்கி எல்லையில் பெரியாறு காட்டுக்குள் இருக்கும் மங்கலதேவி கண்ணகி கோயிலுக்கு ஆண்டுக்கு ஒரே ஒரு நாள், சித்திரா பௌர்ணமியன்று மட்டும், மக்களை விடுகிறார்கள். அந்த நாளுக்காக இரண்டு மாநில அதிகாரிகளும் உட்கார்ந்து பேசி ஏற்பாடு செய்ய வேண்டியிருக்கிறது. மதுரையை எரித்துவிட்டு மலையேறிய பெண்ணின் கதையை, மலையேறிய மக்கள் தங்கள் சொந்தக் கதையாக ஆடிவருகிறார்கள்.

மண்ணை விட்டுப் பெயர்ந்த மக்கள் தாங்கள் யார் என்பதை ஆட்டத்திலும் பாட்டிலும் வைத்துக் காப்பாற்றுவது உலகம் முழுக்க நடந்திருக்கிறது. ஆப்பிரிக்காவிலிருந்து அடிமைகளாகவும் படைவீரர்களாகவும் கொண்டுவரப்பட்டவர்களின் வழித்தோன்றல்கள் இலங்கையில் புத்தளம் அருகே சிரம்பியடியில் வாழ்கிறார்கள். அன்றாடப் பேச்சு சிங்களமாகிவிட்டது. ஆனால் மாஞ்சா என்ற அவர்கள் பாட்டில் போர்த்துக்கீசியக் கலப்பு மொழி இன்னும் இருக்கிறது. கர்நாடகத்தின் உத்தர கன்னட மாவட்டத்தில் வாழும் ஆப்பிரிக்க வழியினரான சித்திகளிடம் மிஞ்சிய பெருஞ்சொத்து தம்மாம் என்ற முரசு. நியூயார்க்கில் வாழும் மலையாளி இயக்குநர் ஜெயன் செறியான் அந்த மக்களை வைத்தே 'ரிதம் ஆஃப் தம்மாம்' என்ற படத்தை 2024இல் கொண்டுவந்தார்.

அமெரிக்காவில் இந்த வரலாறு இன்னொரு படி மேலே போனது. அடிமைகளின் பேரப்பிள்ளைகளே கேமராவைக் கையில் எடுத்தார்கள். தெற்குக் கரோலினா, ஜார்ஜியா கடலோரத் தீவுகளில் வாழும் கல்லா மக்களின் வழியில் வந்தவர் ஜூலி டாஷ். 1902இல் தீவை விட்டுப் பெருநிலத்துக்குப் புறப்படும் ஒரு குடும்பத்தை அவர் 1991இல் 'டாட்டர்ஸ் ஆஃப் த டஸ்ட்' என்ற படமாக்கினார். அந்த மக்களின் கொச்சையைத் திருத்தாமல் அப்படியே பேச வைத்தார். மார்லன் ரிக்ஸ் 1989இல் 'டங்ஸ் அன்டைட்' எடுத்தபோது, தானே திரையில் வந்து நின்று, கறுப்பராகவும் தன்பால் விருப்பம் கொண்டவராகவும் வாழ்வதன் வலியைப் பேசினார். இயக்குநரும் நடிகரும் சாட்சியும் ஒரே ஆள்.

பாலக்காட்டிலிருந்து இடுக்கிவரை நீளும் எல்லைமலைகளில் இப்படி ஒருவர் வந்திருக்கிறாரா? இங்கே ஆடத் தெரிந்தவர்கள் நிறையப் பேர், ஆடியதைப் படமாக்கியவர்களும் உண்டு. இருவரும் ஒருவராக ஆனது உண்டா என்பதுதான் இந்தக் கட்டுரை பார்க்கப்போகும் கேள்வி.

பாலக்காட்டில் தொடங்கலாம். 1956 நவம்பர் 1 வரை பாலக்காடு சென்னை மாநிலத்தின் மலபார் மாவட்டத்தில் இருந்தது. சித்தூர் பழைய கொச்சி அரசைச் சேர்ந்தது. கணவாய் திறந்து கிடக்கும் நிலம் என்பதால் காற்றோடு மொழியும் வந்து போனது. பாரதப்புழைக் கரையில் உள்ள பகவதி கோயில்களின் கூத்துமாடங்களில் நடக்கும் தோல்பாவைக்கூத்துக்குப் பாட்டு, கம்பராமாயணம். புலவர் தமிழ்ப் பாடலைப் பாடுவார், மலையாளம் கலந்து பொருள் சொல்வார். கூனத்தறை கிருஷ்ணன்குட்டிப் புலவர் அந்தக் கலையைக் கோயிலுக்கு வெளியேயும் கொண்டுபோனார். அவர் மகன் ராமச்சந்திரப் புலவருக்கு 2021இல் பத்மஸ்ரீ கிடைத்தது. ஆடல்பற்று என்று அவர்கள் சொல்லும் பாட ஏடுகளில் இருக்கும் தமிழ், மலையாளிகளின் கையில் தலைமுறை தலைமுறையாகப் பிழைத்து வந்த தமிழ். நம் ஊரில் கம்பன் விழா மேடைகளுக்குக் குறைவில்லை. இந்தப் புலவர்களை அந்த மேடைகளுக்கு அழைத்து ஓர் இரவு முழுக்கப் பாடவிட்டால், கம்பனைப் பற்றி நமக்கே தெரியாத சில செய்திகள் தெரியவரும்.

ஆலத்தூர், சித்தூர் வட்டாரங்களின் கண்யார்களி வேறு கதை. பங்குனி, சித்திரையில் பகவதி கோயில் பந்தல்களில் நான்கு இரவு நடப்பது. ஆண்டிக்கூத்து, வள்ளோன், மலமா போன்றவை அந்த இரவுகளின் பெயர்கள். அதில் வரும் புறாட்டு என்ற பகுதியில், மலையில் வாழ்பவர்களும் தமிழகத்திலிருந்து வந்து திரிந்த சாதியினரும் குறவன் குறத்தி போன்ற வேடங்களாக வருவார்கள். பாட்டில் தமிழ் தாராளமாகக் கலந்திருக்கும். ஆடுபவர்கள் பெரும்பாலும் நிலமுள்ள நாயர் குடும்பங்களின் ஆண்கள். இதை வெறும் கேலி என்று ஒதுக்க முடியாது. ஆட்டத்தில் நுட்பம் இருக்கிறது, மற்றவர் வாழ்க்கையை உற்றுக் கவனித்த கண்ணும் இருக்கிறது. இருந்தாலும், 19ஆம் நூற்றாண்டு அமெரிக்க மேடைகளில் வெள்ளையர் முகத்தில் கரி பூசிக்கொண்டு கறுப்பர்களாக நடித்ததை அறிந்தவர்களுக்கு இங்கே ஒரு நெருடல் வரத்தான் செய்யும். அங்கே இருந்த வன்மம் இங்கே இல்லை. ஆனால் யார் யாராக வேடம் கட்டலாம் என்ற உரிமை ஒரு பக்கத்துக்கு மட்டுமே இருந்தது என்பதில் இரண்டும் ஒன்று. குறவர் நாயராக வேடம் கட்டிய இரவு எதுவும் அந்தப் பந்தலின் மரபில் இல்லை.

எல்லைமலை மக்களின் கலை வரலாற்றில் இதை முதல் நிலை என்று கொள்ளலாம்: பிறர் அவர்களாக நடிப்பது. இரண்டாம் நிலை, பிறர் எடுக்கும் படத்தில் அவர்களே நடிப்பதும் பாடுவதும். அதற்கு அட்டப்பாடியைவிடத் தெளிவான எடுத்துக்காட்டு இல்லை.

அட்டப்பாடியில் இருளர், முடுகர், குறும்பர் என மூன்று பழங்குடியினர். கிழக்கே கோவை, வடக்கே நீலகிரி. தங்கள் சொந்த நிலத்தில் அவர்கள் சிறுபான்மையாகிப் பல பத்தாண்டுகள் ஆகின்றன. மேற்கிலிருந்தும் கிழக்கிலிருந்தும் வந்த குடியேறிகள் மண்ணை எடுத்துக்கொண்டார்கள். 2018 பிப்ரவரி 22 அன்று முக்காலியில் மது என்ற பழங்குடி இளைஞர், அரிசி திருடினார் என்று சொல்லிக் கட்டிவைத்து அடிக்கப்பட்டு இறந்தார். அடித்தவர்கள் அவரோடு செல்ஃபியும் எடுத்துக்கொண்டார்கள். அட்டப்பாடி மனிதர் ஒருவரை இந்தியா முழுவதும் உற்றுப் பார்த்தது முதலில் அந்தப் படத்தில்தான். கேமரா யார் கையில் இருக்கிறது என்பது இந்த மலையில் உயிர் சம்பந்தப்பட்ட கேள்வி.

இரண்டு ஆண்டு கழித்து, சச்சி இயக்கிய 'அய்யப்பனும் கோஷியும்' வந்தது. அட்டப்பாடியே கதைக்களம். அதில் இருளர் இனத்தைச் சேர்ந்த நஞ்சியம்மா, தன் மொழியில் தானே கட்டிய பாட்டைப் பாடினார், சிறிய வேடத்தில் நடிக்கவும் செய்தார். ஆடு மாடு மேய்த்துக்கொண்டு, பழனிசாமி நடத்தும் ஆசாத் கலா சங்கத்தில் ஊர் ஊராகப் பாடி ஆடிவந்தவர் அவர். 68ஆவது தேசியத் திரைப்பட விருதுகள் 2022 ஜூலையில் அறிவிக்கப்பட்டபோது சிறந்த பின்னணிப் பாடகி விருது அவருக்குக் கிடைத்தது. சுருதி சேர்த்து ஒலிக்கூடத்தில் பாடத் தெரியாதவருக்கு விருதா என்று இசைத்துறையிலிருந்தே ஒரு குரல் எழுந்தது. பல இசைக்கலைஞர்கள் நஞ்சியம்மா பக்கம் நின்றார்கள். அந்த விவாதத்தில் அடிப்படையான ஒன்று விடுபட்டுப்போனது. நஞ்சியம்மாவின் பாட்டு சுருதிப் பெட்டிக்காகப் பிறந்ததில்லை. தவிலும் பெறையும் குழலும் சூழ, வட்டமாகக் கால் வைத்து ஆடும்போது பிறந்தது. அதன் அளவுகோல் அந்த வட்டத்துக்குள் இருக்கிறது. ஆட்டத்தை விட்டுப் பாட்டை மட்டும் பெயர்த்தெடுத்துவிட்டு, அது சரியாக நிற்கவில்லை என்று சொல்வது நியாயமில்லை.

அந்தப் படத்தின் மேல் எனக்கு மரியாதை உண்டு. ஆனாலும் அது இரண்டு ஆண்களின் பகை பற்றிய படம். காடும் ஊரும் பாட்டும் அந்தப் பகைக்குச் சூழலாக நிற்கின்றன. பிரியநந்தனன் 2022இல் எடுத்த 'தபாரி குருவி' இன்னும் ஓர் அடி முன்னே போகிறது. முழுக்க இருளர் மொழியில், பழங்குடியினரை மட்டுமே நடிக்க வைத்து எடுத்த படம். அப்பன் யாரென்று தெரியாத பறவை என்பது தலைப்பின் பொருள். வெளியாட்களால் ஏமாற்றப்பட்டுத் தாயாகும் இளம்பெண்களின் துயரம் அதன் கரு. அதற்கு முன்பே 'நேதாஜி' என்ற படத்தை விஜீஷ் மணி இருளர் மொழியில் எடுத்திருந்தார். மொழியும் முகமும் அவர்களுடையவை. கதையைத் தேர்ந்தவரும், எங்கே வெட்டுவது என்று முடிவு செய்தவரும் வெளியிலிருந்து வந்தவர்கள். நல்ல மனம் கொண்ட விருந்தாளி சமைத்த சாப்பாடு அது. வீட்டுக்காரி சமைக்கும் நாள் இன்னும் வரவில்லை.

இனி இடுக்கி. இங்கே கதை தேயிலையோடு தொடங்குகிறது. 1877இல் ஜான் டேனியல் மன்றோ பூஞ்ஞாறு அரசரிடமிருந்து கண்ணன் தேவன் மலைகளைக் குத்தகைக்கு வாங்கினார். பிறகு கங்காணிகள் திருநெல்வேலி, மதுரைச் சீமைகளிலிருந்து ஆட்களைக் கூட்டிவந்தார்கள். பெரும்பாலும் நிலமற்ற தலித் மக்கள். முன்பணம் வாங்கி, அந்தக் கடனை அடைக்க முடியாமல், லயம் என்னும் வரிசை வீடுகளில் தலைமுறைகளைக் கழித்தவர்கள். 1956இல் மொழிவாரி மாநிலங்கள் பிரிந்தபோது, தமிழர் மிகுந்த தேவிகுளமும் பீர்மேடும் கேரளத்துக்குப் போயின. மண் மாறவில்லை, வேலை மாறவில்லை, முதலாளியும் மாறவில்லை. அவர்கள் மட்டும் மலையாள மாநிலத்தின் மொழிச் சிறுபான்மையாக நின்றார்கள். ஊருக்குப் போனால் மலைக்காரர், மலைக்கு வந்தால் பாண்டிக்காரர். அடிமை வணிகத்தின் கொடுமையோடு இதை ஒப்பிடக் கூடாது. அளவு வேறு, வன்முறை வேறு. ஆனால் இரண்டு ஊரிலும் பாதி ஆளாக இருப்பதென்றால் என்ன என்பது, ஆப்பிரிக்க வம்சாவளிக் கலைஞர்களைப் படிக்கும் மூணாறு இளைஞருக்கு விளக்கிச் சொல்லத் தேவையிருக்காது.

இந்த மக்களின் குரலாக முதலில் எழுந்தது சினிமா இல்லை, மேடைப்பாட்டு. 1958இல் தேவிகுளம் இடைத்தேர்தலில் கம்யூனிஸ்ட் வேட்பாளர் ரோசம்மா புன்னூஸுக்காகத் தோட்டம் தோட்டமாகப் போய்ப் பாடியவர், மலையடிவாரத்துப் பண்ணைப்புரத்தைச் சேர்ந்த பாவலர் வரதராசன். ஈ.எம்.எஸ். தலைமையிலான அரசு மெலிந்த பெரும்பான்மையில் நடந்துகொண்டிருந்த காலம் அது. ரோசம்மா வென்றார். தெரிந்த சினிமா மெட்டுகளில் தொழிலாளியின் பாட்டை ஏற்றிப் பாடுவது பாவலரின் வழி. அவர் தம்பிகளில் ஒருவர் பிறகு இளையராஜா என்று உலகம் அறிந்தவர். அடிவாரத்துத் தமிழ்க் கலைஞனுக்கும் மலைமேல் தமிழ்த் தொழிலாளிக்கும் இடையில் அன்று மாநில எல்லை குறுக்கே நிற்கவில்லை.

சினிமா வந்தபோது மலை வேறொன்றாக ஆயிற்று. மூணாறு தமிழ், மலையாளக் காதல் பாட்டுகளின் பச்சைத் திரைச்சீலை. கொழுந்து பறிக்கும் பெண்கள் பின்னால் மங்கலாகத் தெரிவார்கள். குரங்கணி மலைகளில் எடுத்த 'மைனா' போன்ற படங்கள் கொஞ்சம் நெருங்கி வந்தன. ஆனாலும் நிலக்காட்சியே அவற்றில் மேலோங்கி நின்றது.

பாலாவின் 'பரதேசி' 2013இல் வந்தது. வால்பாறைத் தோட்டங்களில் மருத்துவராக இருந்த பி.எச். டேனியல் 1969இல் ஆங்கிலத்தில் எழுதிய நாவலை இரா. முருகவேள் 'எரியும் பனிக்காடு' என்று தமிழாக்கியிருந்தார். அதன் தாக்கத்தில் உருவான படம். கங்காணி முறையின் கொடூரத்தைத் தமிழ்த் திரை அதுவரை இவ்வளவு கூர்மையாகக் காட்டியதில்லை. ஆனால் மதம் பரப்ப வந்து ஆடிப்பாடும் கோமாளியாக ஒரு மருத்துவரைப் படம் சித்திரித்தது. தொழிலாளிக்காக எழுதிய ஒரு மருத்துவரின் நூலிலிருந்து பிறந்த படத்துக்கு இது பெருங்குறை. மக்களும் அதில் அடிபடுகிறவர்களாக மட்டுமே இருக்கிறார்கள். அவர்கள் சிரித்த சிரிப்பும், சங்கம் வைத்ததும், பாவலர் பாட்டுக்குக் கை தட்டியதும் அந்தக் கண்ணுக்குப் படவில்லை.

லெனின் பாரதியின் 'மேற்குத் தொடர்ச்சி மலை' 2018இல் வந்தது. எல்லைமலை பற்றித் தமிழில் வந்த படங்களில் இதுவே முதலிடத்துக்கு உரியது என்பது என் முடிவு. தேனி மாவட்டத்துக்காரர் எடுத்த படம். ஒளிப்பதிவு தேனி ஈஸ்வர், இசை இளையராஜா. தேவிகுளம் தேர்தல் பாட்டுகளுக்கு அறுபது ஆண்டு கழித்து அதே குடும்பத்தின் இசை அதே மலைக்குத் திரும்பியிருக்கிறது. சுமைதூக்கியான ரங்கசாமி ஒரு துண்டு நிலம் வாங்கப் பாடுபடுகிறான். கதை அவ்வளவுதான். ஆனால் அந்தத் துண்டு நிலத்தைச் சுற்றி ஏலத்தோட்டமும், மலையாளத் தோழர்களின் சங்கமும், உரக்கடைக் கடனும், எந்திரமும் ஒவ்வொன்றாக வந்து சேர்கின்றன. கடைசியில் தன் நிலத்தில் எழுந்த காற்றாலைக்கே அவன் காவல்காரன் ஆகிறான். நடித்தவர்களில் பெரும்பாலோர் அந்த மண்ணின் மனிதர்கள். சுமையோடு மலையேறும்போது எங்கே மூச்சு வாங்க நிற்பார்கள், டீக்கடையில் எப்படி உட்காருவார்கள் என்பது அவர்கள் உடம்புக்குத் தெரியும். நடிப்பதும் வாழ்வதும் அங்கே ஒன்றாகிவிடுகின்றன. ரிக்ஸ் தனியொருவராகச் செய்ததை இங்கே ஓர் ஊர் சேர்ந்து செய்திருக்கிறது. அடிவாரத்துக் கண் வழியே மலையைப் பார்த்த படம் இது. மலைமேல் லயத்தில் பிறந்தவரின் கண் இன்னும் பாக்கி.

லிஜோ ஜோஸ் பெல்லிசேரியின் 'நண்பகல் நேரத்து மயக்கம்' எல்லையை மறுபக்கமிருந்து தொட்டது. வேளாங்கண்ணிக்குப் போய்த் திரும்பும் மலையாள நாடகக் குழுவினரில் ஜேம்ஸ் என்பவர், வழியில் ஒரு தமிழ்க் கிராமத்தில் இறங்கி நடந்து, காணாமல்போன சுந்தரமாகவே மாறிவிடுகிறார். பழனி அருகே மஞ்சநாயக்கன்பட்டியில் எடுத்தார்கள். மம்மூட்டி நடித்தார். தேனி ஈஸ்வர்தான் இதற்கும் ஒளிப்பதிவு. 2022ஆம் ஆண்டின் சிறந்த படத்துக்கான கேரள அரசு விருது பெற்றது. வானொலியிலும் தொலைக்காட்சியிலும் பழைய தமிழ்ப் பாட்டும் வசனமும் படம் முழுக்க ஒலித்துக்கொண்டே இருக்கும். மலையாளி ஒருவர் தமிழ் பேசியவுடன் தமிழராகிவிட முடியுமா, சுந்தரத்தின் மனைவிக்கு அவர் யார் என்று படம் கேட்கிறது, பதிலை நம்மிடம் விட்டுவிடுகிறது. மிக நல்ல படம். ஆயினும் ஜேம்ஸுக்கு மயக்கம் தெளிந்து வண்டியேறிப் போக ஓர் ஊர் இருக்கிறது. மூணாறு லயத்துக்காரருக்கு அந்த வசதி இல்லை.

2015 செப்டம்பரில் அவர்களே அரங்கம் ஏறினார்கள். கண்ணன் தேவன் தோட்டப் பெண் தொழிலாளர்கள், போனஸ் குறைக்கப்பட்டதை எதிர்த்து, தொழிற்சங்கத் தலைவர்களையும் ஒதுக்கிவைத்துவிட்டு மூணாறு நகரை முடக்கினார்கள். பெம்பிளை ஒருமை என்ற பெயர் கேரளம் முழுக்கத் தெரிந்தது. அன்று அவர்களின் தினக்கூலி 232 ரூபாய். தமிழில் கட்டிய முழக்கங்கள், தாங்களே மெட்டமைத்த எதிர்ப்புப் பாட்டுகள், எந்தத் தலைவரும் பக்கத்தில் வந்து நிற்க விடாத பிடிவாதம். 20 விழுக்காடு போனஸ் வாங்கிவிட்டுத்தான் எழுந்தார்கள். கூலியும் பிறகு 301 ரூபாயாயிற்று. மலையாளத் தொலைக்காட்சிகள் அன்று ஒலிவாங்கியை நீட்டியபோது, தமிழில் வந்த பதிலுக்குக் கீழே எழுத்து ஓட்ட வேண்டியிருந்தது. தங்களை இவர்கள் தாங்களே காட்சிப்படுத்திக்கொண்ட மிகப் பெரிய நிகழ்ச்சி அதுதான் என்பேன்.

ஐந்து ஆண்டு கழித்து, 2020 ஆகஸ்ட் 6 இரவு, ராஜமலை பெட்டிமுடியில் லயங்களின் மேல் மலை சரிந்தது. 70 பேர் மாண்டார்கள். பலரின் பூர்வீகம் தூத்துக்குடி மாவட்டத்துக் கயத்தாறு. ஊரிலிருந்து உறவினர் பதறியடித்து மலையேறி வந்தபோது, மூன்று நான்கு தலைமுறை ஆகியும் அறுந்துபோகாத தொப்புள்கொடி எல்லோருக்கும் தெரிந்தது. அந்த வீடுகளுக்குள் கல்யாணப் பாட்டும் ஒப்பாரியும் கங்காணி காலத்துக் கதைகளும் இருந்தன. அவற்றில் எத்தனை மண்ணுக்குள் போயின என்பதற்குப் பதிவே கிடையாது.

இப்படிப் பதிவே இல்லாத நிலையை எதிர்கொண்டுதான், லைபீரியாவில் பிறந்து அமெரிக்காவில் வளர்ந்த ஷெரில் டுன்யே 1996இல் 'த வாட்டர்மெலன் வுமன்' எடுத்தார். பழைய ஹாலிவுட் படங்களில் பெயர்கூடப் போடாமல் விடப்பட்ட ஒரு கறுப்பு நடிகையைத் தேடும் இயக்குநராக அவரே நடித்தார். தேடப்படும் நடிகை கற்பனை. ஆவணக் காப்பகத்தில் தன் முன்னோருக்கு இடமே இல்லாதபோது, அந்த முன்னோரைப் படைத்துத்தான் தீர வேண்டும் என்று அவர் நினைத்தார். ரிக்ஸ் தன் கடைசிப் படத்தை மருத்துவமனைப் படுக்கையிலிருந்தும் எடுத்தார். 1994இல் அவர் இறந்த பிறகு நண்பர்கள் அதை முடித்தார்கள். கறுப்பர்களுக்குள்ளேயே இருந்த நிற ஏற்றத்தாழ்வு, ஆணாதிக்கம், ஒதுக்கல் எல்லாவற்றையும் அது கேட்டது. தங்கள் கதையைத் தாங்களே படமாக்கும் மூன்றாம் நிலையின் அடையாளம் இதுதான். தன் மக்களைப் பற்றிப் பெருமை பேச விருந்தாளியாலும் முடியும். தன் மக்களோடு சண்டை போட வீட்டுக்குள் பிறந்தவருக்கே உரிமையும் தைரியமும் இருக்கும். லயத்துக்குள் இருக்கும் சாதியை, சங்கத்துக்குள் இருக்கும் ஆண் ஆதிக்கத்தை, அட்டப்பாடி ஊருக்குள் நுழைந்த சாராயத்தை அங்கே பிறந்த பெண் ஒருத்தி படம் எடுத்தால் அது வேறு படமாக இருக்கும்.

இது நடக்க முடியாத காரியம் ஒன்றுமில்லை. வயநாட்டில் பணியர் இனத்தில் பிறந்த லீலா சந்தோஷ் அதைச் செய்து காட்டியிருக்கிறார். கே.ஜே. பேபி நடத்திய கனவு பள்ளியில் படித்து, தன் மக்களின் நிலத்தைப் பற்றி ஆவணப்படம் எடுத்தவர். ஒரு பள்ளி, பாட்டையும் நாடகத்தையும் பாடமாக வைத்ததால் வந்த விளைவு அது. பட்டியல் சாதி, பழங்குடி இயக்குநர்களுக்கும் பெண் இயக்குநர்களுக்கும் ஒரு படத்துக்கு ஒன்றரைக் கோடி ரூபாய் தரும் திட்டம் கேரளத் திரைப்பட வளர்ச்சிக் கழகத்தில் இருக்கிறது. அந்தப் பணம் திருவனந்தபுரத்திலிருந்து தேவிகுளத்துக்கும் அட்டப்பாடியின் அகளிக்கும் ஏறி வர, இடையில் ஒரு பயிற்சிப் பட்டறை வேண்டும். விண்ணப்பத்தைத் தமிழிலும் ஏற்க வேண்டும்.

நம் பக்கத்திலும் செய்ய வேண்டியது இருக்கிறது. கண்ணகிக்குச் சிலை வைத்த தமிழ்நாடு, கண்ணகி கதையை ஆடிக்கொண்டிருக்கும் மன்னான்களை மறந்தே இருக்கிறது. கோவில்மலைக் கூத்தை முழுமையாகப் பதிவு செய்ய வேண்டும். அந்தப் பதிவைக் கோவில்மலை இளைஞர்களே எடுக்க வேண்டும். மூணாற்றிலும் அட்டப்பாடியிலும் அதே வேலை நடக்க வேண்டும். மதுரையிலும் தேனியிலும் கோவையிலும் திரைப்பட இயக்கம் நடத்துகிறவர்கள் அடுத்த கோடை விடுமுறைக்கு இரண்டு கேமராவும் ஓர் ஆசிரியரும் மலைக்கு அனுப்புங்கள். கங்காணி காலத்துக் கதைகளைச் சொல்லத் தெரிந்த பாட்டிகள் இன்னும் லயங்களில் இருக்கிறார்கள். அவர்கள் இருக்கும்போதே அனுப்புங்கள்.